தலைவர் வீட்டம்மாவின் மூக்கு

ஒரு காட்டில், அதாவது திறப்பு விழா நடத்தும் அளவுக்கு முன்னேறிவிட்ட ஒரு காட்டில், முகிலப்பன் என்ற இருவாச்சிப் பறவையும் அவன் மனைவி அத்தியம்மையும் குடித்தனம் செய்துவந்தார்கள். இருவாச்சிகளின் குடித்தனம் கொஞ்சம் விசித்திரமானது. முட்டையிடும் காலம் வந்தால் பெண் பறவை மரப்பொந்துக்குள் போய் உட்கார்ந்துகொண்டு வாசலை மண்ணால் பூசி அடைத்துக்கொள்ளும். மூக்கு நுழையும் அளவுக்கு ஒரு கீறல் மட்டும் மிஞ்சும். இறக்கையிலுள்ள இறகெல்லாம் உதிர, அது உள்ளே அடைகாக்கும். ஆண் பறவை கீறல் வழியாகப் பழம் ஊட்டும். குஞ்சு வளர்ந்ததும் சுவரை உடைத்துக்கொண்டு வெளியே வந்துவிடுவார்கள். இதில் யாருக்கும் ஒரு குறையும் இருந்ததில்லை.

அத்தியம்மை உள்ளே போனபோது முகிலப்பன் சாதாரணப் பறவைதான். பழம் ஊட்ட வரும்போதெல்லாம் எந்த மரம் காய்த்திருக்கிறது, யாருக்கும் யாருக்கும் சண்டை என்று ஒரு கதை சொல்லிவிட்டுப் போவான். அவளுக்குப் பழத்தைவிட அந்தக் கதைதான் பிடிக்கும். முட்டை பொரிவதற்குள் தேர்தல் வந்தது. அவன் காட்டுக்கே தலைவனாகிவிட்டான்.

மறுநாளே தலைவர் வீட்டைப் பார்க்கக் கூட்டம் திரண்டது. பார்ப்பதற்கு அங்கே இருந்ததெல்லாம் ஒரு மரம், மரத்தில் ஒரு கீறல், கீறலில் ஒரு மூக்கு. பசியில் அத்தியம்மை வாயைத் திறந்தாள்.

"அம்மா சிரிச்சாங்க!" என்றது ஒரு முள்ளம்பன்றி.

அன்றோடு அவள் காட்டுக்கே அம்மாவாகிவிட்டாள். தலைவரின் செயலாளர் ஓணான் தலையை ஆட்டியது. அது எதற்கும் தலையாட்டும், அந்தத் தகுதியில்தான் வேலை கிடைத்திருந்தது. புதுப் பாலத்தில் திறப்பு நாடாவாகக் கட்டியிருந்த கொடியை அவிழ்த்துக் கொண்டுவந்து கீறலுக்கு முன்னால் நீட்டியது. தின்னத் தருகிறார்கள் என்று நினைத்து அத்தியம்மை கடித்தாள். கொடி அறுந்தது, எல்லாரும் கைதட்டினார்கள். பாலம் ஆற்றங்கரையில் இருந்தது, திறப்பு விழா மரத்தடியில் முடிந்துவிட்டது. அதன்பின் குளம், குட்டிகள் பள்ளிக்கூடம், எறும்புகளின் சேமிப்புக் கிடங்கு எல்லாவற்றையும் அவள் இருந்த இடத்திலிருந்தே திறந்துவைத்தாள்.

பத்திரிகைக்கார மைனா பேட்டிக்கு வந்தது.

"உங்களுக்குப் பிடிச்ச பழம் எதும்மா?"

"அவர் கொண்டுவர்றதுதான். வேற பழத்தைக் கண்ணால பார்த்தே எவ்வளவோ நாளாச்சு."

முதல் வாக்கியம் தலைப்புச் செய்தியானது. இரண்டாவதற்கு இடம் போதவில்லை. கணவன்மார்கள் அதை வீட்டுக்கு எடுத்துப்போய் மனைவிமார்களுக்குப் படித்துக் காட்டினார்கள்.

"இன்னொண்ணும் எழுதிக்கோ," என்றாள் அத்தியம்மை. "மனு கொடுக்க ஒரு முயல் தினம் காலையிலருந்து நிக்குது. யானை வந்தா நேரா முன்னால விட்டுடறாங்க. இது நியாயமான்னு கேட்டு எழுது."

ஓணான் தலையாட்டியபடியே அந்த வரியை அடித்துவிட்டு, 'அம்மா புன்னகைத்தார்' என்று போடச் சொன்னது.

குஞ்சு வளர்ந்தது. அத்தியம்மைக்கும் புது இறகுகள் முளைத்து, உள்ளே திரும்பிப் படுக்கக்கூட இடமில்லாமல் போயிற்று. ஒருநாள் சுவரை உடைத்தாள். குஞ்சு பறந்தது. தலைவர் பிள்ளை என்பதால் மேற்படிப்புக்கு மலைக்கு அந்தப்பக்கம் போய்விட்டது. அத்தியம்மை ஒரு காலை வெளியே வைத்தாள். ஓணான் பதறிக்கொண்டு ஓடிவந்தது.

"அம்மா, காலை உள்ள வைங்க. ஜனங்க பார்க்கறாங்க."

"பார்க்கட்டுமே. இறக்கை முளைச்சிடுச்சு. நான் பறக்கணும்."

"அம்மாவுக்கு இறக்கை இருக்கிற விஷயமே ஜனங்களுக்குத் தெரியாதும்மா."

"என்னங்க, நீங்களாவது சொல்லுங்க," என்று அவள் முகிலப்பனைப் பார்த்தாள்.

அவன் கூட்டத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான். "கொஞ்சம் பொறுத்துக்க, அத்தி. அடுத்த தேர்தல் வரைக்கும்தானே," என்றான். அவன் கதை சொல்வதை நிறுத்தி வெகுநாளாகியிருந்தது. ஆனாலும் அவன் கேட்டுவிட்டானே என்று அவள் உள்ளே போனாள். பூச்சு வேலை குளவிகளுக்கு ஒப்பந்தத்தில் விடப்பட்டது.

அந்தக் காட்டில் தேர்தல் அடிக்கடி வரும். வந்தது, முகிலப்பன் ஜெயித்தான். அடுத்த தேர்தல் வரைக்கும் என்றான். அதிலும் ஜெயித்தான்.

சுவர் ஒப்பந்த வேலை என்பதால் ஐப்பசி மழை அதைப் பார்த்துக்கொண்டது. ஒருநாள் விடியற்காலையில் பூச்சு மொத்தமும் தானாகப் பெயர்ந்து விழுந்தது. அத்தியம்மை எட்டிப் பார்த்தாள். வெளியே யாரும் இல்லை. பறந்தாள். முதலில் ஒரு கிளையில் முட்டிக்கொண்டாள், பிறகு சரியாகிவிட்டது. மலையுச்சி வரை போனாள். வடக்கே ஒரு அத்திமரம் பழுத்துக் குலுங்கியது. தன் மூக்கால் தானே பறித்து வயிறு நிறையத் தின்றாள். அவ்வளவு சந்தோஷமாக இருந்தது. இதை உடனே முகிலப்பனிடம் சொல்லவேண்டும், இந்தத் தடவை கதை சொல்வது தன் முறை என்று நினைத்துக்கொண்டு வீட்டுக்குத் திரும்பினாள்.

மரத்தடியில் வழக்கம்போல் வரிசை நின்றது. சுவர் புதிதாகப் பூசப்பட்டிருந்தது. கீறலில் மஞ்சளாக, லேசாக வளைந்து, ஒரு மூக்கு நீட்டிக்கொண்டிருந்தது.

"வரிசையில வாங்கக்கா," என்று முயல் மறித்தது. "நானும் காலையிலருந்து நிக்கிறேன்."

"நான்தான் அத்தியம்மை."

முயல் அவளை மேலும் கீழும் பார்த்தது. "விளையாடாதீங்கக்கா. நீங்க முழுசா இருக்கீங்க. அம்மாவுக்கு மூக்கு மட்டும்தான்."

அத்தியம்மை முயலுக்குப் பின்னால் நின்றாள். யானை வந்து இரண்டு பேருக்கும் முன்னால் போயிற்று. கடைசியில் முயலின் முறை வந்தது. மனுவைக் கீறலில் செருகிவிட்டுத் திரும்பிய முயலின் கண் கலங்கியிருந்தது. "என்னைப் பார்த்துச் சிரிச்சாங்கக்கா," என்று சொல்லிவிட்டுப் போனது.

அத்தியம்மை அருகே போய்ப் பார்த்தாள். அது ஒரு நேந்திரம்பழம்.

ஓணான் அவளை அடையாளம் கண்டு மரத்திலிருந்து இறங்கியது. "காலையில அவசரத்துக்கு வச்சதும்மா," என்று காதோடு சொன்னது. "ரொம்ப நல்லாப் போயிட்டிருக்கு. ஒரு பாலம் திறந்தாச்சு. பேட்டியும் கொடுத்தாச்சு."

"பேட்டியா? என்ன சொல்லிச்சு?"

"புன்னகைத்தார்."

"அவர் வந்தா கண்டுபிடிச்சிடுவார்."

ஓணான் தலையாட்டியது.

முகிலப்பன் வாயில் அத்திப்பழத்தோடு வந்து இறங்கினான். பழத்தைக் கிளையில் வைத்துவிட்டு, இரண்டு இறக்கையையும் கூப்பி, முன்னால் நின்ற அத்தியம்மையிடம், "கொஞ்சம் தள்ளி நில்லுங்கம்மா, எல்லாரும் பார்த்துட்டுத்தான் போவீங்க," என்றான். பிறகு பழத்தை எடுத்துப் பழத்துக்கு ஊட்டினான். "சாப்பிடு, அத்தி. அடுத்த தேர்தல் வரைக்கும்தான்."

நேந்திரம்பழம் ஒன்றும் சொல்லவில்லை. அத்திப்பழம் உருண்டு கீழே விழுந்தது.

"ஒரு வார்த்தை எதிர்த்துப் பேசமாட்டா," என்று முகிலப்பன் கூட்டத்திடம் தழுதழுத்துவிட்டு, அடுத்த நிகழ்ச்சிக்குப் பறந்தான்.

அத்தியம்மைக்கு அழுகை வந்தது. சொல்லக் கொண்டுவந்த கதை அப்படியே மிஞ்சிவிட்டது. எதிரே பழம் நன்றாகக் கனிந்திருந்தது. ஒரே கொத்தில் ஊருக்கெல்லாம் விஷயத்தைக் காட்டிவிடலாம். அவள் மூக்கை நீட்டினாள். ஓணான் தலையாட்ட மறந்து நின்றது.

நீட்டிய மூக்கை அவள் அப்படியே நிறுத்தினாள். கொத்தினால் பழம் போய்விடும். பழம் போனால் இடம் காலியாகிவிடும். காலியான இடத்துக்கு யாரைக் கூப்பிடுவார்கள் என்று அவளுக்குத் தெரியும்.

ஊட்டிய வேகத்தில் பழம் ஒரு பக்கமாகச் சரிந்திருந்தது. அத்தியம்மை அதை நிமிர்த்தி, விழாதபடி நன்றாக உள்ளே தள்ளி இறுக்கினாள்.

"என்ன மரியாதை பாரு!" என்று உருகியது முள்ளம்பன்றி.

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு வடக்கே பறந்து போனாள்.

நீதி: தலைவரின் மனைவி எப்போதும் இருக்கவேண்டிய இடத்தில் இருக்கவேண்டும். அது அவளாகவே இருக்கவேண்டும் என்பதில்லை. பழத்தை மட்டும் கறுப்பதற்குள் மாற்றிவிடவும்.