ஒரு கால் குறைந்த அவமதிப்பு

மைத்துனன் என்ற முறையில் உனக்கு என் ஆசிகள். வழக்கறிஞர் என்ற முறையில் ஒன்றும் இல்லை. இங்கு நானும் உன் அக்காவும் நலம். அவளுடைய முழங்கால் மட்டும் நலமில்லை என்பது நீ அறிந்ததே.

நேற்று நம் நீதிமன்ற அவமதிப்பு மனு தள்ளுபடியாகிவிட்டது. நீ வேறு வழக்குக்குப் போய்விட்டதால் நானே நின்று வாதாடினேன். ஆதியிலிருந்து சொல்கிறேன், கேள். நம் மாடிப்படித் திருப்பத்து ஜன்னலடியில் கீழ்வீட்டுக் கடிகாரக்காரர் நாற்காலி போட்டு உட்கார்ந்து வேலை பார்ப்பாரல்லவா? படியிறங்கும் உன் அக்கா அந்த இடத்தைத் தாண்டவே பத்து நிமிடம் ஆகிறதே, வழியை மறிக்கிறாரே என்று எனக்கு வயிறெரிந்தது. வழக்குப் போட்டோம், ஜெயித்தோம். மனுவில் நீ "நாற்காலி முதலிய பொருட்கள்" என்று எழுதியிருந்தாய். முப்பத்தோரு வருடம் அச்சகத்தில் பிழை திருத்தியவன் நான். "முதலிய" என்பது சோம்பேறிகளின் சொல் என்று அடித்துவிட்டேன். நீயும் "சரி மாமா" என்று தலையாட்டினாய், அது உன் குற்றம். "அங்கு யாரும் நாற்காலி வைக்கக் கூடாது" என்று உத்தரவு பிழையில்லாமல் வந்தது. மனிதர் நாற்காலியை உள்ளே எடுத்துப்போய்விட்டு மறுநாளே ஒரு முக்காலியைக் கொண்டுவந்து போட்டார்!

நீதிபதி என்னிடம் கேட்ட முதல் கேள்வி, "அதுக்கு எத்தனை காலு?"

"மூணுதாங்க ஐயா. ஆனா உள்நோக்கம் நாலு காலு."

"உத்தரவுல இருக்கறத மீறினாத்தான் அவமதிப்பு. இல்லாததை நான் இங்க உக்காந்து சேர்க்க முடியாது. முக்காலிக்கு வேணும்னா தனியா வழக்குப் போடுங்க."

நாளைக்குக் கட்டில் போடுவார், மறுநாள் பீரோ போடுவார், சாமானுக்கொரு வழக்கா என்று கேட்டேன். அவர் உத்தரவைத் தட்டச்சுக்குச் சொல்ல ஆரம்பித்துவிட்டார். தட்டச்சு செய்பவர் "தள்ளுபடி"யில் ஒரு புள்ளியை விட்டிருந்தார், எட்டிப் பார்த்துச் சொன்னேன். "உக்காருங்க பெரியவரே, இல்லேன்னா உங்க மேலதான் அவமதிப்பு வரும்" என்றார் நீதிபதி. அதற்கு மட்டும் கால் கணக்கெல்லாம் கிடையாது போலிருக்கிறது.

உடனே மேல்முறையீடு செய். இந்தத் தடவை "முதலிய" போட்டுக்கொள், மானத்தை விட்டுச் சொல்கிறேன். எல்லாம் உன் அக்காவுக்காகத்தான்.

நீயும் உன் பிள்ளைகளும் வழக்கு வம்பில்லாமல் (தொழிலில் மட்டும் நிறைய வம்போடு) நீடூழி வாழ்க.

இப்படிக்கு,
உன் அக்கா வீட்டுக்காரன்

பி.கு.: இதை உன் அக்காவிடம் படித்துக் காட்டினேன். "அந்த முக்காலிய நான்தான் போடச் சொன்னேன்" என்கிறாள். "ஒரே மூச்சுல என்னால இறங்க முடியலை. முன்னெல்லாம் அவர் எழுந்து நாற்காலியக் குடுப்பாரு, பத்து நிமிஷம் சாஞ்சு உக்காருவேன். அதைத்தான் கோர்ட்டுக்குப் போய்ப் புடுங்கிட்டீங்களே!" ஏன் சொல்லவில்லை என்றேன். "நீங்க எங்க கேட்டீங்க? மனுவுல பிழை இருக்கான்னுதானே கேட்டீங்க?" என்றாள். எனக்கு வெட்கமாகிவிட்டது தம்பி. மேல்முறையீடு வேண்டாம். முக்காலியில் சாய முடியாதாம், ஆகவே நம் வீட்டு நாற்காலியை நானே தூக்கிக்கொண்டு போய் ஜன்னலடியில் போட்டுவிட்டு வந்தேன். எண்ணிப் பார்த்தேன், நான்கு கால்தான். இந்த அவமதிப்பு நிச்சயம் செல்லும். சீக்கிரம் வந்து எனக்காக ஆஜராகு.