அளக்காமலே அறிந்தவர்

மென்பொருள் எழுதும் அலுவலகம் எதுவானாலும் அங்கே ஒரு ஜோசியர் இருப்பார். மேசையில் 'மூத்த பொறியாளர்' என்றுதான் போட்டிருக்கும், நம்பாதீர்கள். மென்பொருள் ஏன் நத்தையாக ஊர்கிறது என்று கேட்டால், திரையைத் திரும்பிக்கூடப் பார்க்காமல், நாற்காலியில் சாய்ந்து, மோவாயைத் தடவி, கண்ணை மூடித் திறந்து, "டேட்டாபேஸ்" என்பார். அவ்வளவுதான். தீர்ப்பு வந்தாயிற்று.

நம் ஜோசியருக்கு இந்த வாரம் சோதனைக் காலம். அவர் குழு ஓர் ஆஸ்பத்திரிக்குச் செய்துகொடுத்த டோக்கன் மென்பொருள், ஒரு நோயாளியின் பெயரைப் பதிவதற்குள் இன்னொருவருக்குக் காய்ச்சல் வந்துவிடும் வேகத்தில் ஓடியது. வரிசை வாசலைத் தாண்டி வெயிலில் நின்றது. வெள்ளிக்கிழமைக்குள் சரியாகாவிட்டால் வேறு கம்பெனியைப் பார்த்துக்கொள்வதாக ஆஸ்பத்திரி மேலாளர் சொல்லிவிட்டார். ஒப்பந்தம் போனால் வேலையும் போகும். ஜோசியருக்கும் அது தெரியும். ஆனாலும் வாய் அடங்குமா?

"சார், ப்ரொஃபைலர் ஓட்டிப் பார்த்துடலாமே" என்றாள் பக்கத்து மேசைப் பொறியாளர். "எந்தப் பகுதி எவ்வளவு நேரத்தைத் தின்னுதுன்னு அதுவே காட்டிடும்."

"அதெல்லாம் தெரியாதவங்களுக்கும்மா. எனக்கே தெரியும்."

தெரிந்ததால் டேட்டாபேஸை மாற்றினார். பிறகு சர்வரைப் பெரிதாக்கினார். பிறகு நெட்வொர்க் ஆட்களைக் கூப்பிட்டு ஒரு மூச்சு திட்டித் தீர்த்தார். நத்தை நத்தையாகவே இருந்தது.

வியாழக்கிழமை அவர் காபி குடிக்கப் போன நேரத்தில் அவள் ப்ரொஃபைலரை ஓட்டிவிட்டாள். திரும்பி வந்தவர் திரையைப் பார்த்தார். முக்கால்வாசி நேரத்தை விழுங்கியது டேட்டாபேஸ் அல்ல. 'சற்றுப் பொறுங்கள்' என்று ஒவ்வொரு பதிவுக்கும் சுற்றும் வண்ணச் சக்கரம்! அது முழுதாகச் சுற்றி முடித்த பிறகுதான் அடுத்த வேலையே தொடங்கியது.

"எந்தப் புண்ணியவான் எழுதினது இதை?"

"நீங்கதான் சார். அழகா இருக்குன்னு எல்லாரையும் கூப்பிட்டுக் காட்டினீங்களே."

சக்கரத்தை எடுத்தார்கள். வரிசை வெயிலைவிட்டு உள்ளே வந்தது, ஒப்பந்தம் பிழைத்தது. ஜோசியர் வெட்கப்பட்டார் என்றா நினைக்கிறீர்கள்? "அந்தச் சக்கரத்து மேல எனக்கு முதல்லேருந்தே ஒரு சந்தேகம்" என்றார்.

சிரிப்பது போதும். உங்கள் வீட்டில் எல்லோரும் கிளம்பத் தாமதமாவது யாரால் என்று கேட்டால், யோசிக்காமல் ஓர் ஆளைக் கை காட்டுவீர்களே, என்றாவது அளந்து பார்த்திருக்கிறீர்களா? வேண்டாம், அளக்காதீர்கள். சக்கரம் உங்களுடையதாக இருந்துவிடப் போகிறது.