சாட்சி உயிரோடு இருக்கையில்

மயிலாப்பூரில் கொசுவுக்கு அடுத்தபடியாக மலிந்து கிடக்கும் ஓர் இனம் உண்டு: பழைய வாக்குமூலக்காரர். இன்றைக்கு நீங்கள் தொண்டை கிழியக் கத்தினாலும் அவர் காதில் ஏறாது. என்றைக்கோ, எந்தச் சண்டையிலோ, வாய் தவறி நீங்கள் விட்ட ஒரு வார்த்தை மட்டும் அச்சுப் பிசகாமல் நினைவில் நிற்கும்.

நம் கோதண்டபாணியையே எடுத்துக்கொள்ளுங்கள். சிவில் வக்கீல். கோர்ட்டில் எப்படியோ, வீட்டில் தோற்றதே கிடையாது. மனைவி அன்புக்கரசி உப்புமா கிண்டினால், "உப்புமா உடம்புக்கு ஆகாதுன்னு உன் தங்கச்சி வீட்டுப் பஞ்சாயத்துல நீதானே சொன்னே?" என்பார். மார்க்கெட்டில் காய் விற்கும் ஆரோக்கியமேரியிடம், "கத்திரிக்காய்ல புழுவே வராதுன்னு போன வாரம் சொன்னியே?" என்று குறுக்கு விசாரணை நடத்துவார். "இன்னா சார், அது போன வாரத்துக் காய், இது இன்னிக்கிக் காய்! வோணும்னா எடு, இல்லாட்டி வழிய வுடு" என்பாள் அவள். அதையும் அடுத்த வாரத்துக்காகப் பத்திரப்படுத்திக்கொண்டு வருவார் மனுஷர்.

அப்பேர்ப்பட்டவர் எதிரில்தான் போன ஞாயிற்றுக்கிழமை மகள் கயல் வந்து உட்கார்ந்தாள். அவரிடமே ஜூனியராக இருப்பவள்.

"அப்பா, எனக்கு வக்கீல் தொழில் வேணாம். பாலவாக்கத்துல கடலாமையைக் காப்பாத்தற அமைப்புல வேலை கிடைச்சிருக்கு. போறேன்."

ஆமையா! கோதண்டபாணி தன் ஆபீஸ் அறை மேஜையைத் திரும்பிப் பார்த்தார். தனக்குப் பின்னால் அந்த மேஜையில் யார் உட்காருவார்கள்? பயமாக இருக்கிறது என்று வாய்விட்டுச் சொல்லத் தெரிந்தால் அவர் ஏன் இந்த இனத்தில் சேரப்போகிறார்? வழக்கம்போல் ஒரு பழைய சாட்சியைக் கூப்பிட்டார்.

"உனக்குப் பேர் வெச்ச அன்னிக்கே, எல்லாரும் கூடியிருக்கும்போது உன் பெரியப்பா சொல்லிட்டாரு, இவ வக்கீலாத்தான் வருவான்னு. அவர் இப்ப இல்ல. செத்தவங்க உயிரோட இருந்தப்போ சொன்ன சாட்சி கோர்ட்டுல செல்லும்."

"எதிர்த்தரப்புக்குக் குறுக்கு விசாரணை பண்ண வாய்ப்பு இருந்திருந்தாத்தான் செல்லும். நான் அன்னிக்குத் தொட்டில்ல கிடந்தேன்பா."

சமையலறையில் கரண்டிச் சத்தம் நின்று அன்புக்கரசியின் சிரிப்பு கேட்டது. இவர் விடுவாரா?

"சரி, நீயே அஞ்சாங்கிளாஸ்ல, ஸ்கூல் மேடையில, என் கறுப்பு கோட்டை மாட்டிக்கிட்டு, அப்பா மாதிரி ஆவேன்னு சொன்னியே, அது?"

"அந்தச் சாட்சி உயிரோட உங்க எதிர்லயே உட்காந்திருக்காப்பா. பழைய வாக்குமூலம் எதுக்கு? இப்ப என்ன சொல்றான்னு அவளையே கேளுங்க. ஒரு தடவையாவது கேட்டிருக்கீங்களா?" கயலின் குரல் உடைந்தது.

சட்டம் அவர் பக்கம் இல்லை. அது போதாதென்று, பிள்ளை சரியான பாயிண்டைப் பிடித்துவிட்டாள் என்று உள்ளுக்குள் பெருமை வேறு பொங்கித் தொலைத்தது. மூக்குக்கண்ணாடியைக் கழற்றி வேட்டியில் துடைத்தார். "சொல்லும்மா" என்றார். அவள் சொல்லிக்கொண்டிருக்கும்போது நடுவில், "ஆனா போன தீபாவளிக்கு நீ..." என்று ஆரம்பித்து, தானே வாயை மூடிக்கொண்டார். திங்கட்கிழமை கயல் பாலவாக்கம் பஸ் ஏறினாள்.

ஐயோ பாவம் அந்தக் குடும்பம் என்று உச்சுக்கொட்டுகிறீர்களா? இருங்கள். நேற்று சாப்பிடும்போது உங்கள் வீட்டில் ஒருவர் ஏதோ சொல்ல வாயெடுத்தாரே, "அன்னிக்கு நீயே சொன்னியே" என்று மறித்தது யார்? அவர் சொல்ல வந்தது என்னவென்று இன்னும் உங்களுக்குத் தெரியாது, இல்லையா?