வில்லங்கம் விரித்த குடை

வில்லங்கத்தைக் கேட்காமல் ராயபுரத்தில் ஒரு கோழி கூடக் கைமாறியதில்லை. மிகையாகச் சொல்கிறேன் என்று தோன்றினால் அந்தக் காலத்துக் கோழிக்காரர்களைத்தான் கேட்க வேண்டும்.

பெற்றவர்கள் அவருக்கு வைத்த பெயர் எவருக்கும் தெரியாது. ஊருக்கே அவர் 'வில்லங்கம்'. ரிஜிஸ்தர் ஆபீசில் காசு கட்டி, பழைய புஸ்தகங்களைப் புரட்டி, விற்கப்போகிற சொத்தின் மேல் வேறு எவனுக்காவது பாத்தியதை இருக்கிறதா என்று தேடிச் சொல்வது அவர் தொழில். அதே ஆபீஸ் வாசலில், தூங்குமூஞ்சி மரத்தடியில் பத்திரம் எழுதுவது என் தொழில். எம்டன் குண்டு போட்ட பயத்தில் வீட்டை விற்றவர்களும், பயம் தெளிந்து வாங்கினவர்களுமாக இருவருக்கும் பிழைப்பு ஓடியது. ஆனால் முத்து முத்தான என் கையெழுத்தை ஒருத்தனாவது பாராட்ட வேண்டுமே! வருகிறவன் எல்லாம், "வில்லங்கம் இன்னா சொல்லிச்சு?" என்றுதான் கேட்பான். எனக்கு வயிறு எரியும்.

மனுஷர் ஆபீசை விட்டு வெளியே வந்ததும் வாயைத் திறக்க மாட்டார். படியில் நின்று குடையை விரித்தால் சொத்து சுத்தம். மடித்தபடியே கக்கத்தில் இடுக்கினால் வில்லங்கம். ஒரு நாள் திடீர் மழை. மறதியாகக் குடையை விரித்துவிட்டார். மரத்தடியில் காத்திருந்த மண்டிக்கார சாயபு ஓடிப்போய் அச்சாரத்தைக் கொடுத்துவிட்டார். அதைத் திரும்ப வாங்குவதற்குள் பெரிய பேஜாராகிவிட்டது. அன்று முதல் அடைமழையானாலும் சொத்து சுத்தமாக இருந்தால்தான் குடை விரியும். இல்லாவிட்டால் தொப்பலாக நனைந்துகொண்டுதான் வீட்டுக்குப் போவார்.

ஜட்கா வாங்க வந்த ஒருவனிடம் அவர் சொன்னது இன்னும் காதில் இருக்கிறது. "குதிர சேட்டு கைல அடமானத்துல கீது. வண்டி பாய் கைல கீது. உனுக்கு மிஞ்சறது சாட்டதான் மாமு."

ஆபீசோடு விட்டாரா? கத்தரிக்காய் வாங்கினாலும், கைக்குட்டை வாங்கினாலும், "இத்துக்கு முன்னாடி யார் கைல இருந்துச்சு?" என்பார். கல்மண்டபத்து மீன்காரி ஒருத்தி, "சமுத்திரத்து கைல இருந்துச்சு. போய் அத்த கேளு!" என்று கூடையைத் தூக்கிக்கொண்டு போய்விட்டாள்.

இப்பேர்ப்பட்ட ஆசாமி கேள்வி கேட்காமல் சாப்பிட்ட இடம் ஒன்றே ஒன்று, ஆபீசுக்கு எதிரில் பொன்னம்மாவின் ஆப்பக்கடை. அவள் தட்டில் போட்டால் தலையைக் குனிந்துகொண்டு சாப்பிடுவார். ஓரம் முறுகலான ஆப்பமாகப் பார்த்து அவருக்குத்தான் போடுவாள். தேங்காய்ப்பாலும் ஒரு கரண்டி கூட. நானும் அதே பலகையில்தான் உட்கார்ந்திருப்பேன். அந்த ஒரு கரண்டியை நினைத்து எத்தனையோ இரவு தூக்கம் கெட்டிருக்கிறது.

ஆனால் என்னைக் கட்டிக்கொள்கிறாயா என்று பொன்னம்மாவிடம் நான் வாயைத் திறந்து கேட்டேன், அவர் கேட்கவில்லை. "எங்க நைனாவ வந்து கேளு" என்றாள் பொன்னம்மா, முகத்தை அடுப்புப் பக்கம் திருப்பிக்கொண்டு. அவள் நைனா ஹார்பரில் மூட்டை மேஸ்திரி. முன்பு ஒருமுறை வில்லங்கத்தின் பேச்சைக் கேட்டு, மோசம் போக இருந்த வீட்டுப் பேரத்திலிருந்து தப்பியவர்.

"எனுக்கு சம்மதம்தான். இருந்தாலும் ரெண்டு பக்கமும் எதனா கீதான்னு வில்லங்கம் பாத்து சொல்லட்டும்" என்றார்.

"நான் இன்னா காலி மனையா, வில்லங்கம் பாக்க?" என்று உள்ளேயிருந்து பொன்னம்மா சீறினாள். மேஸ்திரி மசியவில்லை.

 திருடன் கையிலேயே சாவியா! பையன் சரியில்லை என்று அவர் ஒரு வார்த்தை சொன்னால் போதும், என் கல்யாணம் கடலோடு போச்சு. அவரோ என் தெருவில் வீடு வீடாக ஏறி என்னைப் பற்றி விசாரித்துக்கொண்டிருந்தார். நான் பள்ளிக்கூடத்தில் பலப்பம் திருடியதைக்கூட விடவில்லை.

வெற்றிலை பாக்கு மாற்ற வேண்டிய அன்று மழை கொட்டியது. வில்லங்கம் வந்தார். தலையிலிருந்து கால்வரை தொப்பல். குடை மடித்தபடி கக்கத்தில்! என் மாமா தாம்பாளத்தை மெல்லத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

"இன்னாபா, பையன் மேல எதனா கீதா?" என்றார் மேஸ்திரி.

"பையன் மேல ஒண்ணும் இல்ல. நானும் தேடித் தேடிப் பாத்துட்டேன்." அந்தக் குரலில் இருந்த ஏமாற்றம் எனக்கு மட்டும்தான் கேட்டது.

"பொண்ணு மேல?" என்றார் என் மாமா.

 வில்லங்கத்தின் வேட்டியிலிருந்து நீர் சொட்டிக்கொண்டிருந்தது. கதவோரம் நின்ற பொன்னம்மாவை ஒருமுறை பார்த்தார். பிறகு கூடத்தின் நடுவிலேயே குடையை விரித்தார். தண்ணீர் தெறித்துத் தாம்பாளம் நனைந்தது. எல்லோரும் சிரித்தார்கள். பொன்னம்மா சிரிக்கவில்லை.

கல்யாணம் முடிந்து கடை திறந்த காலையில் வில்லங்கம் வழக்கம்போல வந்து உட்கார்ந்தார். பொன்னம்மா முறுகல் ஆப்பமாகப் பார்த்து வைத்தாள். அவர் கை தட்டுக்குப் போகவில்லை. அந்தக் கடையில் முதல் தடவையாகக் கேட்டார்.

"இது யாரு வூட்டு ஆப்பம்?"

தேடிச் சொன்னதில் ஒருநாளும் பொய் சொல்லாத மனுஷர், பொன்னம்மா மேல் தனக்கிருந்த பாத்தியதையை மறைத்து எனக்காக ஒரே ஒரு தடவை சொல்லிவிட்டார் என்று அப்போதுதான் எனக்கு உறைத்தது. பொன்னம்மா அடுப்பை ஊதிக்கொண்டிருந்தாள். 'எங்க வூட்டு ஆப்பம்' என்று சொல்லத்தான் வாயெடுத்தேன், வாயில் வந்ததோ வேறு.

"நம்ம வூட்டு ஆப்பம், அண்ணாத்தே. துன்னு."

சாப்பிட்டார். அவர் இருந்தவரை முறுகல் ஆப்பம் அவருக்குத்தான் போனது, கூட ஒரு கரண்டி தேங்காய்ப்பாலும். எனக்குப் பொறாமை கடைசிவரை போகவில்லை. ஆனால் அவர் வராத காலையில் எனக்கு ஆப்பம் இறங்கியதுமில்லை.