ஓர் அலுவலகம் பாறையான வரலாறு

பறவைகள் பாதுகாப்பு இயக்ககம் ஒரு பழைய கட்டடத்தின் ஒன்பதாவது மாடியில் இயங்கி வந்தது. அங்கே பறவைகளைத் தவிர மற்ற எல்லாமே பாதுகாப்பாக இருந்தன. கோப்புகள் அலமாரிக்குள் இருந்தன. அலமாரிச் சாவி மேஜை இழுப்பறைக்குள் இருந்தது. இழுப்பறைச் சாவி, நீண்ட விடுப்பில் போன ஒருவரின் சட்டைப்பையில் பத்திரமாக இருந்தது.

பதிவெழுத்தர் அங்கே பதினெட்டு வருஷமாக வேலை பார்க்கிறாள். இருநூறு வகைப் பறவைகளின் பெயரைத் தன் கையாலேயே பேரேட்டில் எழுதியவள். நேரில் பார்த்ததென்னவோ காக்கையும் புறாவும்தான்.

ஒரு திங்கட்கிழமை காலையில், தூசி தட்டுவதற்காகப் பழைய கோப்பறையின் ஜன்னலைத் திறந்தாள். வெளியே அகலமான சுவர் விளிம்பு. மொட்டைமாடிச் சரளையெல்லாம் மழையில் அடித்துக்கொண்டு வந்து அதில் படிந்திருந்தது. அந்தச் சரளையின்மேல் ஒரு பறவை உட்கார்ந்து அவளை முறைத்தது. சாம்பல் நீல முதுகு, மார்பில் குறுக்குக் கோடுகள், கன்னத்தில் கிருதா இறக்கினதுபோலக் கறுப்புப் பட்டை. அது சற்றே நகர்ந்தபோது அடியில் செங்கல் நிறத்தில் மூன்று முட்டைகள் தெரிந்தன.

பொரி வல்லூறு! இயக்ககத்தின் முத்திரையில் இருப்பதே அந்தப் பறவைதான். நேராக இயக்குநர் அறைக்கு ஓடினாள்.

இயக்குநர் நிதானமாகக் கேட்டார். "கூட்டோட எண் என்ன?"

"வல்லூறு கூடு கட்டாது சார். சரளையைக் காலால கிளறி, லேசா ஒரு குழி பண்ணி, அதுலயே முட்டை போட்டுடும்."

"கூடு இல்லாம முட்டையா? படிவத்துல கூட்டு எண்ணுன்னு ஒரு கட்டம் இருக்கேம்மா." அவர் விதிநூலைப் புரட்டினார். "வசிப்பிடம், காட்டிலுள்ள செங்குத்துப் பாறைகள். நாம இருக்கறது பாறையா?"

"கட்டடம் சார்."

"அப்ப அது வல்லூறு இல்ல. வல்லூறுதான்னா, அது ஆக்கிரமிப்பு. எப்படிப் பார்த்தாலும் நம்ம பொறுப்பு இல்ல. இன்னிக்கு வெள்ளையடிக்க வர்றாங்க. மேலிடத்து ஆய்வுக்குள்ள சுவரெல்லாம் பளிச்சுன்னு இருக்கணும்."

பத்தரை மணிக்குப் பெயிண்டர் மொட்டைமாடியிலிருந்து கயிற்றுப் பலகையில் இறங்கினான். பத்தே முக்காலுக்கு அதே ஜன்னல் வழியாகக் கோப்பறைக்குள் தலைகுப்புற வந்து விழுந்தான். வாளி அவனுக்குப் பின்னால் வந்தது. பெயிண்ட் பாதி அவன்மேலும் பாதி பழைய கோப்புகள்மேலும் கொட்டியது.

"அக்கா! அது பறவையே இல்லக்கா. வானத்துலேர்ந்து யாரோ கல்லை விட்டெறிஞ்ச மாதிரி வந்துச்சு!"

"மணிக்கு முந்நூறு கிலோமீட்டர் வேகத்துல பாயும் தம்பி. உலகத்துலயே வேகமான உயிர் அதுதான்."

பெயிண்டர் அறையைச் சுற்றிலும் ஒரு பார்வை பார்த்தான். "அப்பேர்ப்பட்டதுக்கு இந்த ஆபீஸ்ல என்னக்கா வேலை?"

நாளைக்கு வலையோடு வருவதாகச் சொல்லிவிட்டுப் போனான். அவன்மேல் அவளுக்குக் கோபம் வரவில்லை; பிழைப்புக்கு வந்தவன். ஆனால் அந்த மூன்று முட்டைகளை அப்படியே விட்டுவிட அவளுக்கு மனம் வரவில்லை. தாய்ப்பறவை மறுபடி வந்து, முட்டைகளைக் காலால் மெதுவாக ஒதுக்கி, அவற்றின்மேல் பதமாக உட்கார்ந்ததை அவள் கதவிடுக்கு வழியாகப் பார்த்தாள். பிறகு தன் இருக்கைக்குப் போய், பதினெட்டு வருஷ அனுபவத்தையும் திரட்டி ஒரு குறிப்பு எழுதினாள்.

"மேற்படி பறவை பாறையில் மட்டுமே வசிக்கும் என்று விதி கூறுவதாலும், மேற்படி பறவை இவ்விடத்தில் வசித்து வருவதாலும், இவ்விடம் பாறையாகவே இருந்தாக வேண்டும் எனப் பணிவுடன் சமர்ப்பிக்கப்படுகிறது."

இயக்குநர் அதை மூன்று தரம் படித்தார். குற்றம் கண்டுபிடிக்க முடியவில்லை. கீழே கையெழுத்துக்கு இடம் வேறு விட்டிருந்தது. காலியாக இருக்கும் கையெழுத்து இடத்தை அவரால் ஒருநாளும் சகித்துக்கொள்ள முடிந்ததில்லை. போட்டுவிட்டார்.

மறுநாள் அலுவலகம் திறந்ததும், அந்தக் குறிப்பின்பேரில் நில அளவையர் அளவுச் சங்கிலியோடு வந்தார். "தொண்ணூறு டிகிரி, செங்குத்து. விரிசல்ல செடி இருக்கு, தாவரம். மூணாவது மாடிக் குழாய் ஒழுகுது, அருவி. மாடிப்படியில வௌவால் தொங்குது, குகை" என்று எழுதிக்கொண்டே போனார்.

"உள்ளே ஆளுங்க வேலை பார்க்கறாங்களேன்னு யாராவது ஆட்சேபம் சொன்னா?" என்று பதிவெழுத்தர் பயத்தோடு கேட்டாள்.

"நான் வந்து மூணு மணி நேரம் ஆச்சும்மா. அப்படி எதுவும் என் கண்ணுல படல."

அன்று மாலைக்குள் கட்டடம் பாறையாக அறிவிக்கப்பட்டது. வலையோடு வந்த பெயிண்டர் அறிவிப்பைப் படித்துவிட்டு, "பாறைக்கு எவன் வெள்ளையடிப்பான்?" என்று திரும்பிப் போனான். பதிவெழுத்தர் வீட்டுக்குப் போகும் வழியெல்லாம் சிரித்துக்கொண்டே போனாள்.

அடுத்த வாரம் லிஃப்டைக் கழற்றிக்கொண்டு போனார்கள். எந்தப் பாறையிலும் லிஃப்ட் இருந்ததாகப் பதிவு இல்லையாம். ஊழியர்கள் முதலில் முணுமுணுத்தார்கள். சம்பளத்தோடு மலைப்பகுதிப் படி உண்டு என்று சுற்றறிக்கை வந்ததும் முணுமுணுப்பு அடங்கியது. எல்லாரும் முரட்டு பூட்ஸும் இடுப்பில் கயிறுமாக வர ஆரம்பித்தார்கள். இயக்குநர் கையில் ஒரு கம்பு வந்தது. டீ குடிக்க இறங்குவதை, "அடிவாரம் வரைக்கும் போய்ட்டு வரேன்" என்றார். வல்லூறு பார்க்க எதிர்க் கட்டட மொட்டைமாடியில் தினமும் கூட்டம் கூடியது; ஊர் இளவட்டங்கள் வல்லூறு மாதிரியே கிருதா வைத்துக்கொண்டார்கள். எதிர்த் தெரு வரி அலுவலகத்தாருக்குப் பொறாமை தாங்கவில்லை. தங்கள் ஜன்னல் விளிம்பில் சரளையைக் கொட்டி, ஒரு கோழியைக் கட்டிவைத்துப் பார்த்தார்கள். அளவையர் ஏமாறவில்லை.

முப்பத்து மூன்றாம் நாள் முட்டைகள் பொரிந்தன. வெள்ளைப் பஞ்சு உருண்டைகளாய் மூன்று குஞ்சுகள். பதிவெழுத்தர் சாப்பாட்டு வேளையைக் கோப்பறையிலேயே கழித்தாள். உருவத்தில் சிறிய ஆண் வல்லூறு புறாவை அடித்துக் கொண்டுவரும். பெட்டை பறந்து போய், நடுவானில் தலைகீழாகப் புரண்டு, அதன் காலிலிருந்து இரையை வாங்கிக்கொள்ளும். எல்லாம் ஒரு நொடிக்குள். தபால் பிரிவிலிருந்து அவள் மேஜைக்கு ஒரு காகிதம் வருவதற்குப் பதினோரு நாள் ஆகும் என்பதை நினைத்து அவள் பெருமூச்சு விட்டாள்.

அந்தச் சமயத்தில்தான் கோழிப்பண்ணைக்காரர் மறுபடி வந்தார். தன் கோழிகள் காட்டுப் பறவைகள் அல்ல என்று ஒரு சான்று கேட்டு நாலு மாதமாக நடக்கிற மனுஷர். அது இல்லாமல் வெளியூர்ச் சந்தைக்குக் கோழி ஏற்ற முடியாது. ஒன்பது மாடி ஏறி வந்து வாயால் மூச்சு விட்டார்.

"அம்மா, இன்னிக்காவது கிடைக்குமா?"

"ரெடியா இருக்குங்க ஐயா!" பதிவெழுத்தர் சந்தோஷமாகச் சான்றை நீட்டினாள். கையெழுத்து, முத்திரை எல்லாம் பக்காவாக இருந்தன.

வாசலில் காவலாளி அவரைத் தடுத்தான். "பெரியவரே, பாதுகாக்கப்பட்ட பாறைலேர்ந்து எதையும் வெளியே எடுத்துட்டுப் போகக் கூடாது."

"இது என் சான்றுப்பா!"

"இங்கே விளைஞ்சதுதானே?"

சான்று பதிவெழுத்தரின் மேஜைக்கே திரும்பி வந்தது. "சரி, இதை எதிர்த்து ஒரு மனுவாவது கொடுத்துட்டுப் போறேன்" என்றார் பண்ணைக்காரர். அதுவும் முடியாது என்றான் காவலாளி. பாறையில் காகிதம் போட்டால் அபராதம்.

அவள் இயக்குநரிடம் போய் முறையிட்டாள். "குஞ்சுங்க பறக்கிற வரைக்கும் பொறும்மா. அப்புறம் மறுபடி கட்டடமா மாத்திக்கலாம்" என்றார் அவர்.

ஆறு வாரத்தில் குஞ்சுகளுக்குச் சிறகு முளைத்தது. முதல் இரண்டும் துணிந்து பாய்ந்தன. மூன்றாவது இரண்டு நாள் விளிம்பில் நின்று யோசித்தது. பதிவெழுத்தர் நகத்தைக் கடித்துக்கொண்டு நின்றாள். அதுவும் பாய்ந்து, தடுமாறி, வரி அலுவலகக் கூரையை உரசி, பிறகு மேலே ஏறியபோது அவள் வாய்விட்டு "ஹோ!" என்று கத்திவிட்டாள். கொஞ்ச நாளில் ஐந்தும் கண்ணுக்குத் தெரியாமல் போய்விட்டன.

அவை போன அன்றே அவள் கட்டடத்தைக் கட்டடமாக்கக் கோரி அடுத்த குறிப்பை எழுதினாள். அதற்குள் இயக்குநருக்கும் மற்றவர்களுக்கும் மலைப்பகுதிப் படியும் பூட்ஸும் பழகிவிட்டன. மனு வராத நிம்மதியும் பழகிவிட்டது.

"வன உயிர் ஒண்ணுகூட இல்லைன்னாதான் பாறை அந்தஸ்து போகும்" என்றார் இயக்குநர். "கணக்கெடுப்பு முடிஞ்சிடுச்சு. இதைப் பாரு."

அவள் படித்தாள். "வல்லூறு: இல்லை. பிற உயிரினங்கள்: நாற்பத்திரண்டு. காலை பதினோரு மணியளவில் வந்து அடையும். பகலில் கூட்டமாக உண்ணும். உண்டபின் நெடுநேரம் அசையாது. மாலை நான்கு மணிக்குக் கலைந்துவிடும். மனிதர்கள் காகிதத்துடன் நெருங்கினால் முகத்தைத் திருப்பிக்கொள்ளும்."

"சார், இது நம்மளை..."

"எந்த வரி பொய்யின்னு சொல்லு, அடிச்சிடறேன்."

அவள் இன்னொரு தரம் படித்தாள். அடிக்க ஒரு வரியும் அகப்படவில்லை.

வல்லூறு பார்க்க வந்து பழகிய கூட்டம் வல்லூறு போனபிறகும் குறையவில்லை. எதிர்க் கட்டட மொட்டைமாடியில் தொலைநோக்கியும் கையுமாக நின்று ஊழியர்களைப் பார்த்தது. முன்பு மனுவோடு வரிசையில் நின்ற முகங்கள்தான் பாதி. "அதோ தூங்குது, அதோ கொட்டாவி விடுது" என்று குழந்தைகளுக்குக் காட்டினார்கள். கோழிப்பண்ணைக்காரர் அங்கே அவித்த முட்டை விற்றுக்கொண்டிருந்தார். சந்தைக்குப் போக முடியாதவர் வேறென்ன செய்வார்?

பதிவெழுத்தருக்குப் பொறுக்கவில்லை. விதியாவது ஒன்றாவது என்று சான்றை எடுத்துக்கொண்டு எழுந்து, ஜன்னலைத் திறந்து, அதை வீசிக் காட்டினாள்.

"ஐயா! உங்க சான்று! காத்துல விடறேன், பிடிச்சுக்குங்க!"

மொட்டைமாடி ஆரவாரித்தது. "எந்திரிச்சிடுச்சு! கையில காகிதம் எடுத்திருக்கு! வேலை செய்யப் போவுது!"

"ஸ்ஸ்! சத்தம் போடாதீங்க" என்று முட்டைக் கூடையைக் கீழே வைத்துவிட்டுக் கூட்டத்தை அடக்கினார் கோழிப்பண்ணைக்காரர். "மிரண்டு உள்ளே போயிடும். இந்த மாதிரிக் காட்சி வருஷத்துக்கு ஒரு தரம்தான் கிடைக்கும்!"

சான்றைப் பிடித்த அவள் கை தானாக இறங்கியது. நாற்பது ஐம்பது பேர் மூச்சைப் பிடித்துக்கொண்டு தன்னையே பார்ப்பது தெரிந்தது. பதினெட்டு வருஷத்தில் அவள் வேலையை யாரும் இப்படிப் பார்த்ததில்லை. ஒரு சின்னப் பெண் கைதட்டினாள்.

மறுநாள் பதிவெழுத்தர் இருப்பதிலேயே நல்ல உடுப்பாகப் பார்த்து உடுத்திக்கொண்டு, வழக்கத்தைவிட அரைமணி முன்னதாகவே வந்து, எதிர் மொட்டைமாடிக்கு முகம் நன்றாகத் தெரியும்படி நாற்காலியைக் கொஞ்சம் திருப்பிப் போட்டுக்கொண்டாள்.