பொதுச் சுவர்க்காரர்

அடுக்குமாடி வீடுகளில் மட்டுமே வளரும் ஓர் இனம் உண்டு. அதற்குப் பொதுச் சுவர்க்காரர் என்று பெயர் வைத்திருக்கிறேன். பக்கத்து வீட்டில் யாராவது தும்மினால் இவர் இங்கே தைலம் தேடுவார். அதே ஆளை மாடிப்படியில் நேருக்கு நேர் பார்த்துவிட்டால், குனிந்து தன் செருப்பை ஆராய்வார்.

இவர் வெளியே கிளம்பும் சடங்கைப் பார்த்திருக்கிறீர்களா? பையை மாட்டி, செருப்பைப் போட்டு, விளக்கை அணைத்து, கதவின் கண்ணாடித் துளையில் ஒரு கண்ணை வைத்து, லிஃப்ட் வந்து, யாரோ ஏறி, அது கீழே போய்ச் சேர்ந்த சத்தமும் அடங்கிய பிறகுதான் தாழ்ப்பாளைத் தொடுவார். கேட்டால், "நமக்கெதுக்குங்க அடுத்தவங்க சமாசாரம்?" என்பார். அந்தச் சமாசாரம் முழுக்க அவருக்கு மனப்பாடம்.

எனக்குத் தெரிந்த ஒருவர் தபால் ஆபீசிலிருந்து ஓய்வு பெற்றவர், மனைவியை இழந்தவர். சுவருக்கு அந்தப் பக்கம் தனியாக இருக்கும் டீச்சர் எத்தனை மணிக்கு மாத்திரை போடுகிறார், மகளிடம் போனில் "நல்லாத்தான் இருக்கேன்" என்று எந்தக் குரலில் பொய் சொல்கிறார், எல்லாம் அவருக்கு அத்துப்படி. ஆறு வருடத்தில் அந்த அம்மாளிடம் ஒரு வார்த்தை பேசியதில்லை.

ஒருநாள் காலை, அந்தப் பக்கத்துக் குளியலறையில் தொப்பென்று ஒரு சத்தம். பிறகு முனகல். மனிதருக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. போய்க் கதவைத் தட்டலாம். "உங்களுக்கு எப்படித் தெரிஞ்சுது?" என்று கேட்டுவிட்டால்? ஆறு வருட கௌரவம் என்னாவது? கால் மணி நேரம் கூடத்தில் குறுக்கும் நெடுக்கும் நடந்து, ஒரு சாக்கைத் தயார் செய்துகொண்டு போய் மணியடித்தார்.

"டீச்சர், ஒரு ஸ்க்ரூடிரைவர் இருக்குமா?"

உள்ளிருந்து மெல்லிய குரல் வந்தது. "கதவு சும்மாதான் சாத்தியிருக்கு, வாங்க. வழுக்கி விழுந்துட்டேன், எந்திரிக்க முடியல. கால் மணி நேரமா நீங்க நடக்கிறது கேக்குது. எப்ப வருவீங்கன்னு காத்துக்கிட்டே கிடந்தேன்."

ஆம்புலன்ஸில் ஏற்றும்போது டீச்சர் அவர் கையைப் பிடித்தார்.

"உங்க பையன் இந்த மாசமும் போன் பண்ணலல்ல?"

"இல்லீங்க" என்றவர், அத்தனை பேர் நடுவில் அழுதுவிட்டார்.

சிரிக்கிறீர்களா? சிரியுங்கள், கொஞ்சம் மெதுவாக. உங்கள் பக்கத்து வீட்டில் இரண்டு நாளாகக் குழாய்ச் சத்தம் கேட்கவில்லையே, தட்டுவதற்கு என்ன சாக்கு யோசித்து வைத்திருக்கிறீர்கள்?