‘அஞ்சு நிமிஷம்’ சாருக்குக் கேட்ட ஒரே சிரிப்பு

உலகத்திலேயே துக்கமான மனிதர் யார் என்று கேட்டால், நான் குமாஸ்தாவாக இருந்த திருச்சி வானொலி நிலையத்தில் நகைச்சுவை நாடகம் போட்டவர் என்பேன். வாரத்துக்கு ஒரு நாடகம், ஐந்தே நிமிடம். எழுதுவதும் இயக்குவதும் அவரே. நிலையத்தில் எல்லோருக்கும் அவர் ‘அஞ்சு நிமிஷம்’ சார்தான்.

“மேடையில நடிக்கிறவனுக்கு எதிர்ல ஜனம் இருக்கு. எனக்கு எதிர்ல சுவருதாங்க இருக்கு” என்பார். யாராவது எங்காவது சிரித்தார்களா என்பது அத்தனை வருஷமாக அவருக்குத் தெரியவில்லை.

அந்த ஐந்து நிமிடமும் நிச்சயமில்லை. அவருக்கு முன்னால் ஸ்ரீரங்கத்து உபன்யாசகர் ஒருவர் பேசுவார். முதலை வாயிலிருந்து யானையை மீட்காமல் எழுந்திருக்க மாட்டார். யானை கரையேறுவதற்குள் நாடகத்தில் பாதி போயிருக்கும். கொஞ்சம் சீக்கிரம் காப்பாற்றக் கூடாதா என்று நம்மவர் கெஞ்சியதற்கு, “பெருமாளுக்கு அடியேன் நேரம் குறிக்க முடியுமோ?” என்று பதில் வந்தது.

நாடகத்தை முன்கூட்டியே பதிவுசெய்ய டேப் மெஷின் வந்ததும் ஒரு மாலை என்னையும் இழுத்துக்கொண்டு ஜீயபுரத்துக்கு பஸ் ஏறினார். பஞ்சாயத்து ரேடியோ முன்னால் விவசாயிகள் உட்கார்ந்திருந்தார்கள். உரத்தைப் பற்றிய பேச்சை ஆடாமல் அசையாமல் கேட்டவர்கள், நாடகம் தொடங்கியதும் வெற்றிலையை எடுத்தார்கள். திடீரென்று ஒருவர் விழுந்து விழுந்து சிரித்தார். சார் ஓடிப்போய் அவர் கையைப் பிடித்துக்கொண்டார்.

“இல்லீங்க, எம் மச்சான் வரப்புல வழுக்கி விழுந்துட்டாருங்க. அதைப் பார்த்துச் சிரிச்சேன்.”

சார் பிடித்த கையை விட்டுவிட்டு பஸ்ஸுக்கு நடந்தார்.

நேயர்களிடமிருந்து ஒரு கடிதம்கூட வராததால் நாடகத்தை நிறுத்தப்போவதாகப் பேச்சு அடிபட்டது. அந்த வாரம் டேப் மெஷின் பழுது, நேரடி ஒலிபரப்பு. நோயாளியாக நடிக்க ஆள் வராததால் சார் என்னை மைக் முன்னால் நிறுத்தினார். டாக்டராக நடித்தவர் தாளைத் தலைகீழாகப் பிடித்திருந்தார். சத்தம் கேட்கும் என்று அதைத் திருப்பப் பயந்து, தன் தலையைத் திருப்பிப் படித்தார். நான் சிரித்துவிட்டேன். அடக்க அடக்கப் பொங்கியது. மிச்ச நாடகம் முழுவதும் ஜில்லாவுக்கே என் சிரிப்புதான் கேட்டது.

எனக்கு மெமோ வந்தது. நாடகம் அன்றோடு நின்றது.

ஒருவருடைய பிழைப்பையே கெடுத்துவிட்டேனே என்று மன்னிப்புக் கேட்கப் போனேன். காலி ஸ்டூடியோவில் நாடகத்தாளை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

“எந்த வரிக்குங்க சிரிச்சீங்க?” என்றார்.

ஒலிபரப்பின்போது ஸ்டூடியோ கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருந்த சாருக்கு டாக்டரின் முதுகுதான் தெரிந்திருக்கும். எனக்கு உண்மையைச் சொல்ல வாய் வரவில்லை. தாளில் கண்ணில் பட்ட இடத்தைத் தொட்டேன். “டாக்டர் நாக்கை நீட்டச் சொன்னதும், ‘வீட்டுல அதுக்கு உத்தரவு இல்லீங்க’ன்னு நோயாளி சொல்றானே, அதுக்கு சார்.”

அதை இரண்டு முறை படித்தார். “இதுக்குச் சிரிப்பு வருமான்னு எழுதறப்ப எனக்கே சந்தேகமாத்தான் இருந்துச்சு” என்றார்.

அவரை இசைத்தட்டு அறைக்கு மாற்றினார்கள். ஓய்வு பெறும்வரை அங்கேதான் தூசி தட்டிக்கொண்டிருந்தார். டைரக்டர் வந்தாலும் எழாதவர், என்னைக் கண்டால் எழுந்து நாற்காலியைத் துடைத்துப் போடுவார். எனக்குக் கூச்சமாக இருக்கும். ஆனாலும், வேலை இருந்ததோ இல்லையோ, தினம் ஒரு தடவை அங்கே போய் உட்கார்ந்துவிட்டுத்தான் வந்தேன்.